கோப்புக் காட்சி

டேப்புக்கு 'பிளாக் அடிப்பது' என்று ஒரு வேலை இருந்தது. விஸ்காம் முடித்துவிட்டு வரும் பிள்ளைகளிடம் இன்று சொன்னால் விழிக்கிறார்கள். பழைய பீட்டாகேம் டேப்பை டெக்கில் செருகி, முதலிலிருந்து கடைசிவரை வெறும் கறுப்பைப் பதிவு செய்ய வேண்டும். 30 நிமிட டேப்புக்கு 30 நிமிடம், குறுக்குவழி கிடையாது. கறுப்பு ஓட ஓட டைம்கோடு புதிதாக விழும், டேப் மறுபடி எடிட் சூட்டுக்குப் போகத் தயாராகிவிடும். 1999இல் சென்னையில் ஒரு சேனலின் டேப் லைப்ரரியில் சேர்ந்தபோது எனக்குக் கொடுத்த முதல் வேலை இதுதான். ஏ.சி. குளிரில் ஒரு சால்வையைப் போர்த்திக்கொண்டு கறுப்பைப் பார்த்தபடி உட்கார்ந்திருப்பேன்.

எதை அழிப்பது என்பதற்கு ஒரே விதி. ஒளிபரப்பானது இருக்கும், ஆகாதது போகும். ஒரு தலைவர் 40 நிமிடம் பேசியிருப்பார். அதில் 12 நொடி 'பைட்' செய்தியில் வந்திருக்கும். அந்த 12 நொடி ஆவண டேப்பில் ஏறிவிடும், மிச்சமெல்லாம் ரஷ். ரஷ் என்றால் எங்கள் அகராதியில் குப்பை. மைக்கைத் தட்டிப் பார்ப்பது, துண்டால் முகம் துடைப்பது, பின்னால் நிற்பவர் குனிந்து காதில் ஏதோ சொல்லத் தலைவரின் முகம் மாறுவது, கூட்டம் கலைந்த மைதானத்தில் நாற்காலிகளை ஒன்றின்மேல் ஒன்றாக அடுக்கும் பையன்கள், இவையெல்லாம் குப்பை. வெள்ளிக்கிழமைதோறும் பட்டியல் வரும். அழித்து முடித்ததும் ரெஜிஸ்டரில் டேப் எண், தேதி, 'பிளாக்' என்று எழுதிக் கையெழுத்துப் போடுவேன். மூன்று வருடத்தில் எத்தனை கையெழுத்துப் போட்டேன் என்று கணக்கில்லை.

2002இல் எடிட்டர் ஆனேன். அப்போது லீனியர் எடிட்டிங். இரண்டு டெக், நடுவில் ஒரு கன்ட்ரோலர். ஒரு ஷாட்டை எடுக்க வேண்டுமென்றால் இரண்டு டேப்பும் ஐந்து நொடி பின்னால் போய் நின்று, மாடு முட்ட வருவது போலச் சேர்ந்து ஓடி வரும். சரியான இடத்தில் ஒன்றின் படம் மற்றதில் இறங்கும். அதே ஷாட்டை நான்கு முறை வைக்க நான்கு முறை இந்த ஓட்டம். காப்பியிலிருந்து காப்பி எடுத்தால் நிறம் கசியும், கறுப்பு சாம்பலாகும். திரும்பத் திரும்பக் காட்டினால் படம் தேயும் என்று நாங்கள் சொன்னால் அது உவமை இல்லை, மானிட்டரில் கண்ணுக்குத் தெரிகிற சங்கதி.

கம்ப்யூட்டர் எடிட்டிங் வந்தபின் அந்தத் தேய்மானம் நின்றுபோனது. ஆயிரமாவது காப்பியும் முதல் காப்பி மாதிரியே இருந்தது. நாங்கள் கொண்டாடினோம்.

2004 டிசம்பர் 26, சுனாமி வந்த ஞாயிற்றுக்கிழமை. கிறிஸ்துமஸுக்கு மறுநாள் என்பதால் டெஸ்கில் பாதிப்பேர் லீவு. மெரினாவிலிருந்து டூவீலரில் முதல் டேப் வந்தது. கவிழ்ந்த கார், மணலில் புதைந்த தள்ளுவண்டி, சிதறிய செருப்புகள். எல்லாம் தண்ணீர் வடிந்த பிறகு எடுத்தவை. அலை இல்லை. அலை வந்த நேரத்தில் கேமராவோடு எங்கள் ஆள் யாரும் அங்கே நிற்கவில்லை. கரைக்கு வந்திருந்த ஒருவர் கைக்கேமராவில் பிடித்தது என்று பிற்பகலில் ஒரு துண்டு கிடைத்தது. பிடித்தவர் ஓடிக்கொண்டே பிடித்திருக்கிறார். வானமும் முழங்காலும்தான் அதிகம். அலை என்று சொல்லத்தக்கது 8 நொடி. ஒரு நொடிக்கு 25 ஃப்ரேம், ஆக 200 ஃப்ரேம். செய்தி ஆசிரியர் என் நாற்காலிக்குப் பின்னால் வந்து நின்றார்.

"தம்பி, அந்த அலையப் போடு."

போட்டேன்.

"நிறுத்தாத. ஓடிக்கிட்டே இருக்கட்டும்."

காப்பி, பேஸ்ட். ஒரு மணி நேரத்துக்கான லூப்பை இரண்டு நிமிடத்தில் கட்டிவிட்டேன். இரவு ஒன்பது மணிக்குத் திருச்சிப் பக்கத்து ஊரிலிருந்து அம்மா போன் செய்தாள்.

"ஏன்டா, இன்னுமா தண்ணி வந்துக்கிட்டே இருக்கு?"

"இல்லம்மா, அது காலைல வந்தது."

"இப்பவும் வருதே. பாத்துக்கிட்டுதானே இருக்கேன்."

விளக்கிச் சொல்லிவிட்டு வைத்தேன். பக்கத்தில் இருந்தவனிடம் இதைச் சொல்லிச் சிரிக்கவும் செய்தேன்.

நான்கு நாள் கழித்து, டிசம்பர் 30 அன்று, மறுபடியும் அலை வரக்கூடும் என்று எச்சரிக்கை வந்தது. கரையோர மக்கள் கையில் கிடைத்ததைத் தூக்கிக்கொண்டு உள்ளே ஓடினார்கள். அன்று கடலில் அலை வரவில்லை. எங்கள் திரையில் வந்தது. எச்சரிக்கைச் செய்தி கீழே சிவப்பில் ஓட, மேலே என் 8 நொடி. மூலையில் 'கோப்புக் காட்சி' என்று எழுத வேண்டியது என் பொறுப்பு. அவசரத்தில் விட்டுவிட்டேன். யாரும் கேட்கவில்லை, மெமோவும் வரவில்லை. நாகப்பட்டினம் மாவட்டத்தில் மட்டும் ஆறாயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் இறந்துபோன வாரம் அது. விடுபட்ட இரண்டு சொல்லை யார் எண்ணிக்கொண்டிருப்பார்கள். அம்மாவின் போனை அன்றைக்குத்தான் மறுபடி நினைத்தேன். அதற்குப் பிறகு அதைச் சொல்லி நான் சிரித்ததில்லை.

சில வருடம் கழித்து எங்கள் நைட் ஷிப்டுக்கு ஒரு விஸ்காம் தம்பி வந்து சேர்ந்தான். இரண்டு மணி புல்லட்டினுக்கும் ஐந்து மணி புல்லட்டினுக்கும் நடுவில் வேலை இருக்காது. ஹார்டு டிஸ்க் நிறையப் படம் வைத்திருந்தான். ஒருநாள், "அண்ணே, உங்க வேலையவே ஒருத்தர் 1958லயே செஞ்சிருக்காரு" என்று புரூஸ் கானரின் 'எ மூவி'யைப் போட்டான். 12 நிமிடப் படம். கானர் சான்பிரான்சிஸ்கோ ஓவியர். தானே ஒரு காட்சியும் பிடிக்காமல், மலிவாகக் கிடைத்த பழைய நியூஸ் ரீல், கௌபாய் படத் துண்டுகள் ஆகியவற்றை ஒட்டியே செய்தது. நீர்மூழ்கிக் கப்பலில் ஒருவன் பெரிஸ்கோப்பில் கண் வைக்கிறான். அடுத்த ஷாட்டில் ஓர் அழகி. அவன் திகைத்து உத்தரவு கொடுக்கிறான். டார்பிடோ பாய்கிறது. அணுகுண்டுக் குடை விரிகிறது. நாங்கள் இருவரும் விழுந்து விழுந்து சிரித்தோம். ஒன்றோடொன்று எந்த ஒட்டும் உறவும் இல்லாத நான்கு துண்டு. நாங்கள் தினம் செய்கிற வேலைதான்: சட்டசபையில் ஒருவர் பேசுவார், வேறொரு நாள் வேறெதற்கோ சிரித்த இன்னொருவரை அடுத்து வைப்போம், அவர் இவரைப் பார்த்துச் சிரித்ததாக ஆகிவிடும். கட்-அவே என்று அதற்கு மரியாதையான பெயர். கானர் ஒட்டைத் தெரிகிற மாதிரி விட்டார், நாங்கள் மறைத்தோம்.

வீடியோக் கலைஞர் டாரா பர்ன்பாமின் வேலையைப் பார்த்தபோது சிரிப்பு வரவில்லை. 1978-79இல் அவர் செய்த வீடியோ ஆறு நிமிடத்துக்குள் முடிந்துவிடும். 'வொண்டர் வுமன்' தொடரில் சாதாரணப் பெண் கைகளை விரித்துச் சுழன்றதும் வெடிச்சத்தத்தோடு வீராங்கனையாக மாறுவாள். கதையை எல்லாம் எறிந்துவிட்டு அந்தச் சுழற்சியை மட்டும் எடுத்துத் திரும்பத் திரும்ப வைத்திருக்கிறார். சுழல்கிறாள், வெடிக்கிறது, சுழல்கிறாள், வெடிக்கிறது. நாலாவது முறை அது மந்திரமாக இல்லை. ஏழாவது முறை அந்தப் பெண் எதிலோ மாட்டிக்கொண்டிருக்கிறாள் என்று படுகிறது. அவர் கையாண்டதும் லூப்தான், நான் அலைக்குக் கட்டியதும் லூப்தான். அவர் பார்க்கிறவரை விழிக்கவைப்பதற்காகக் கட்டினார். நான் நேரத்தை நிரப்பக் கட்டினேன். ஆயுதம் ஒன்று என்பதால் அவரோடு என்னைச் சேர்த்துக்கொள்ள ஆசைதான், நியாயமில்லை.

கொரியாவில் பிறந்த வீடியோக் கலைஞர் நாம் ஜூன் பைக் 1973இல் செய்த 'குளோபல் குரூவ்' தொடக்கத்தில், வருங்காலத்தில் டிவி நிகழ்ச்சிப் பட்டியல் மன்ஹாட்டன் டெலிபோன் டைரக்டரி அளவுக்குத் தடித்திருக்கும் என்று ஒரு குரல் சொல்லும். தம்பிக்குப் பைக் என்றால் உயிர். எனக்கு அந்த வண்ணக் கூத்தாட்டம் பத்து நிமிடத்துக்கு மேல் தாங்காது. நாங்கள் பத்து மணி நேரம் அதைத்தானே பார்த்துக்கொண்டிருந்தோம். அமெரிக்காவில் அடல்ட் ஸ்விம் சேனலில் டேவ் ஹியூஸ் 2011 ஜனவரி 1 முதல் நடத்திய 'ஆஃப் தி ஏர்' வேறு மாதிரி. விடியற்காலை நான்கு மணிவாக்கில் வரும், சுமார் 11 நிமிடம். 'விலங்குகள்' என்பது போல ஒற்றைச் சொல் தலைப்பு. எங்கெங்கிருந்தோ எடுத்த துண்டுகள், விளக்கம் சொல்ல ஆளே கிடையாது. தூக்கம் கலைந்து டிவியைப் போட்டவன் கனவா நனவா என்று குழம்புவான். நாலு மணி என்கிற நேரத்தைத் தெரிந்தெடுத்தவருக்கு நைட் ஷிப்ட் பழக்கம் இருந்திருக்க வேண்டும்.

என்னைப் பிடித்து ஆட்டியது 'வீடியோகிராம்ஸ் ஆஃப் எ ரெவல்யூஷன்'. 1992இல் ஹாருன் ஃபரோக்கியும் ஆந்த்ரேய் உஜிகாவும் செய்தது. (ஃபரோக்கியின் அப்பா இந்தியாவிலிருந்து ஜெர்மனி போன டாக்டர் என்று பிறகு தெரிந்தது.) ருமேனியாவில் 1989 டிசம்பரில் சௌசெஸ்கு ஆட்சி விழுந்த நாள்களை, அன்று பலர் கைகளில் ஓடிய வீடியோக்களையும் டிவி நிலையத்தின் பதிவுகளையும் வைத்தே கட்டியிருக்கிறார்கள். சுமார் 125 மணி நேரப் பதிவிலிருந்து 106 நிமிடம். டிசம்பர் 21, புகாரெஸ்ட். அதிபர் பால்கனியிலிருந்து பேசுகிறார், நாடு முழுக்க நேரலை. திடீரென்று கூட்டத்தில் கூச்சல். அவர் பேச்சு நிற்கிறது, கை அந்தரத்தில் நிற்கிறது. படம் ஆடுகிறது. வீட்டுத் திரைகளில் படம் அறுந்து சிவப்பு வருகிறது. ஆனால் ஓ.பி. வேனில் டேப் நிற்கவில்லை. நாட்டுக்குச் சிவப்பு, டேப்பில் மட்டும், கூட்டத்தைக் காட்டப் பயந்த கேமரா கட்டடத்தின்மேலும் வானத்தின்மேலும் அலைந்துகொண்டிருக்கிறது. மறுநாள் அவர் ஹெலிகாப்டரில் தப்பிப் போனார்.

அந்த வானத்தை மூன்று முறை திரும்ப ஓட்டிப் பார்த்தேன். எங்கள் கேமராமேன்கள் அப்படியொரு டேப் கொண்டுவந்திருந்தால் என்ன செய்திருப்பேன் என்று எனக்குத் தெரியும். அதிபரின் பேச்சில் 12 நொடி வெட்டியிருப்பேன். வானத்துக்குப் பிளாக் அடித்திருப்பேன்.

அதற்குப் பிறகுதான் திருட்டுத்தனமாக ஒன்று செய்யத் தொடங்கினேன். சர்வரில் ரஷ் எல்லாம் பதினைந்து நாள் இருக்கும், பிறகு தானாக அழியும். அழிவதற்குள் பேட்டி தொடங்குவதற்கு முந்தைய நொடிகளை மட்டும் எடுத்துச் சேர்த்தேன். "எந்தக் கேமரா பாக்கணும்?" "ஓடுதா?" "கொஞ்சம் இருங்க, சட்டைய சரி பண்ணிக்கிறேன்." அமைச்சர், வார்டு கவுன்சிலர், குழந்தையைப் பறிகொடுத்த தாய், தேர்வில் முதலிடம் வந்த மாணவி. கேமராவுக்கு முன்னால் எல்லோரும் ஒருமுறை எச்சில் விழுங்குகிறார்கள். பேச்சு தொடங்கியதும் ஆளுக்கொரு முகம் வந்துவிடும். அதற்கு முந்தைய இரண்டு நொடி எல்லோருக்கும் ஒரே முகம். 9 நிமிடத்துக்கு ஒட்டி வைத்தேன். தம்பி பார்த்துவிட்டு ஒன்றும் சொல்லாமல் டீ வாங்கி வந்தான்.

ஒரு விடியற்காலை அது ஒளிபரப்பாகிவிட்டது. ஃபைலுக்கு நான் போட்ட பெயரும் ஐந்து மணி ரன்டவுனில் இருந்த ஒரு செய்தியின் பெயரும் ஒன்றாக இருந்ததுதான் காரணம். மழை நிலவரம் என்று செய்தி வாசிப்பவர் சொல்ல, திரையில் 70 நொடிக்கு ஆள்கள் எச்சில் விழுங்கிக்கொண்டிருந்தார்கள். வேலை போயிற்று என்றே நினைத்தேன். ஒரு போன்கூட வரவில்லை. மறுநாள் விளம்பரப் பிரிவில் லாக் சரிபார்க்கிறவர்தான் வந்து, "சார், எல்-பேண்ட் விளம்பரத்துக்கு மேல ஏதோ வேற விஷுவல் ஓடுச்சே" என்றார். அவருக்குக் கவலை விளம்பரம் முழுசாக வந்ததா என்பது. வந்திருந்தது.

எப்படி யாருக்கும் தெரியாமல் போனது என்று அன்று மானிட்டர் முன்னால் நின்று ஸ்கேல் வைத்து அளந்தேன். கீழே இரண்டு வரி ஸ்க்ரோல், அதற்கு மேலே தலைப்புச் செய்திப் பட்டை, இடப்பக்கமும் அடியிலும் எல் வடிவ விளம்பரம், மூலையில் லோகோ, இன்னொரு மூலையில் மணி, 'நேரலை' முத்திரை, தங்கம் விலை. படத்துக்கு மிஞ்சியது திரையில் பாதிக்கும் குறைவு. விவாத நேரத்தில் அதையும் ஆறாகப் பிரித்து ஆறு தலை வைப்போம். அவர்களுக்கு நடுவே ஒரு கட்டத்தில் சத்தமில்லாமல் லூப் ஓடும். நான் வேலைக்கு வந்தபோது ஒரு ஷாட்டில் முகம் எந்தப் பக்கம் பார்க்கிறது, அதற்கு எதிரே எவ்வளவு இடம் விட வேண்டும் என்றெல்லாம் அடித்துச் சொல்லிக்கொடுத்தார்கள்.

2016 செப்டம்பர் 22 இரவு முதல்வர் ஜெயலலிதா மருத்துவமனையில் சேர்க்கப்பட்டார். டிசம்பர் 5 வரை 75 நாள். இந்த 75 நாளில் காட்டுவதற்கு எங்களிடம் இருந்தது ஒரு வாசல். போலீஸ் தடுப்பு, காரிலிருந்து இறங்குபவர்கள், மண்சோறு சாப்பிடுபவர்கள், தீச்சட்டி எடுப்பவர்கள், மறுபடி வாசல். உள்ளே என்ன நடக்கிறது என்பதற்கு ஒரு ஃப்ரேம் கிடையாது. ஆனால் சேனல் 24 மணி நேரம் ஓட வேண்டும். ஆகவே கோப்பு. ஹெலிகாப்டரிலிருந்து இறங்குகிறார், கை கூப்புகிறார், பதவியேற்கிறார், மறுபடி இறங்குகிறார். காட்ட ஒன்றுமே இல்லாத நாள்களில்தான் நாங்கள் மிக அதிகமாகக் காட்டினோம். திகட்டத் திகட்டப் படம் என்று ஊர் பேசிக்கொள்வது உள்ளே இருந்து பார்த்தால் பஞ்சம். 2004இல் 8 நொடி, 2016இல் ஒரு வாசல். தண்ணீர் ஊற்றிப் பெருக்குகிற சாம்பார் எத்தனை பேருக்கும் வரும்.

மூன்றாவது வாரம் மேலிடத்திலிருந்து கேட்டார்கள்: "யாரும் பாக்காத ஷாட்டா வேணும். 2001 தேர்தல் டூர் ரஷ் எல்லாம் நம்மகிட்டதானே இருக்கணும்?" லைப்ரரிக்குப் போய் பழைய ரெஜிஸ்டரை எடுத்தேன். 2001ஆம் வருடப் பக்கங்கள். வேன் கூரையில் நின்று பேசியது, பேசி முடித்து உட்கார்ந்து தண்ணீர் குடித்தது, ஊர் ஊராகக் காத்திருந்த முகங்கள். எண், தேதி, பிளாக். ஒவ்வொரு வரியின் முடிவிலும் என் கையெழுத்து. அப்போது எழுத்து இன்னும் உருண்டையாக இருந்திருக்கிறது.

பிலடெல்ஃபியாவில் மேரியன் ஸ்டோக்ஸ் என்று ஓர் அம்மாள் இருந்தார். லைப்ரரியன் வேலை பார்த்தவர். 1979இல் ஈரான் பிணைக்கைதிகள் விவகாரத்தின்போது வீட்டில் டிவி செய்தியை டேப்பில் பதியத் தொடங்கியவர் 2012 டிசம்பரில் இறக்கும்வரை நிறுத்தவில்லை. ஒரே நேரத்தில் பல ரெக்கார்டர்கள். ஆறு மணி நேரத்துக்கொருமுறை டேப் மாற்ற வேண்டும் என்பதால் வெளியே சாப்பிடப் போனாலும் பாதியில் எழுந்து வருவாராம். சுமார் 70,000 டேப். இறந்த பிறகு அவை இன்டர்நெட் ஆர்கைவுக்குப் போயின. அவரைப் பற்றிய 'ரெக்கார்டர்' என்ற ஆவணப்படம் 2019இல் வந்தது. வீட்டில் இருந்தவர்களுக்கு அது எவ்வளவு பெரிய தொல்லை என்றும் படம் மறைக்காமல் காட்டுகிறது. நான் அந்த டேப் அடுக்குகளைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். எந்தச் சம்பளமும் வாங்காமல் ஓர் அம்மாள் சேர்த்துவைத்த வருடங்களில் நான் சம்பளம் வாங்கிக்கொண்டு அழித்திருக்கிறேன்.

ஆடம் கர்ட்டிஸ் 2022இல் 'டிராமாசோன்' என்று ஏழு பகுதி செய்தார். பி.பி.சி.யின் மாஸ்கோ அலுவலகத்தில் தேங்கிக் கிடந்த ரஷ், 1985 முதல் 1999 வரையிலான ரஷ்யா. வழக்கமாகத் தன் குரலில் விளக்கித் தள்ளுகிறவர் இதில் வாயே திறக்கவில்லை. உருளைக்கிழங்கு வரிசையில் நிற்கிறவர்கள் நின்றுகொண்டே இருக்கிறார்கள். அவர் பேசாத படம்தான் அவருடைய படங்களில் எனக்குப் பிடித்தது.

என்னிடமும் ஒரு டேப் இருக்கிறது. 2004 டிசம்பர் கடைசி வாரம் நாகப்பட்டினத்தில் எடுத்தது, 40 நிமிட டிவிகேம். அடுத்த வருடம் அழிக்கும் பட்டியலில் வந்தது. எடிட்டராகி மூன்று வருடம் ஆகியிருந்தும், ஆள் இல்லாத ஒரு வெள்ளிக்கிழமை நான்தான் உட்கார்ந்தேன். பிளாக் அடிக்கும் முன் ஒருமுறை ஓட்டிப் பார்த்தேன். கேமராமேன் யாருக்கோ உதவப் போனபோது கேமராவைத் தரையில் வைத்திருக்கிறார், அணைக்க மறந்துவிட்டார். 22 நிமிடம் தரைமட்டத்தில் கால்கள் மட்டும். வெறுங்கால், ரப்பர் செருப்பு, போலீஸ் பூட்ஸ். ஒரு ஜோடிக் கால் லென்ஸுக்கு எதிரே வந்து நிற்கிறது. ஒரு கை இறங்கி, மண்ணில் கிடந்த குழந்தைச் செருப்பை எடுக்கிறது, திருப்பிப் பார்க்கிறது, அதே இடத்தில் வைத்துவிடுகிறது. காக்கைச் சத்தம். ரெஜிஸ்டரில் 'டேப் பழுது' என்று எழுதிவிட்டு வீட்டுக்குக் கொண்டுபோனேன். பொய்க் கையெழுத்து அது ஒன்றுதான்.

பதினைந்து வருடத்துக்கு மேல் பீரோவில், சிலிக்கா ஜெல் பொட்டலங்களோடு கிடந்தது. ஓட்டிப் பார்க்க டெக் கிடைக்கவில்லை. போன வருடம் ரிச்சி ஸ்ட்ரீட் பக்கத்தில் பழைய கல்யாண டேப்புகளைப் பென் டிரைவில் ஏற்றிக் கொடுக்கும் ஒருவரிடம் ஓடுகிற டெக் இருப்பதாகக் கேள்விப்பட்டுப் போனேன். செருகினார். ஹெட் இரண்டு முறை மக்கர் செய்து, மூன்றாவது முறை படம் வந்தது. மூன்று நிமிடம் பொறுமையாகப் பார்த்தார்.

"வெறும் காலாவே வருதே சார். யார் கல்யாணம்?"

கல்யாணம் இல்லை என்றேன்.

"மணிக்கணக்குல சார்ஜ். தேவையான இடத்த மட்டும் சொன்னீங்கன்னா வெட்டிக் குடுத்துடுறேன். செலவு குறையும்."

"வெட்ட வேண்டாம், தம்பி. முழுசா ஏத்துங்க."